திருவரங்கம் சென்ற இனிப்பு ரொட்டி

எம்மனையில் பெருநாள் என்றால் தம்மடைதான். ரவை, முட்டை, சர்க்கரை, நெய், தேங்காய்ப்பால் ஆகியவற்றைக் கலந்து சட்டியிலிட்டு, அடியில் மெல்லிய தீயும் மூடியின்மேல் கொட்டாங்கச்சித் தணலுமாக வைத்து வேகவிடுவார் எம் அன்னையார். மேலும் கீழும் ஒத்த வெம்மை வேண்டும்; அதுவே அதன் நுட்பம்.

அத்தம்மடை அண்டை அயலார் அனைவர்க்கும் செல்லும். ஒருவர்க்கு மட்டும் செல்லாது. எமக்குத் தமிழ் கற்பித்த பேராசான் திருவரங்கத்து உத்திர வீதியில் வாழ்கிறார். வைணவ மரபினர், முட்டை கலந்ததைத் தொடார். ஆதலின் ஆண்டுதோறும் பழம் வாங்கிக்கொண்டு காவிரிப் பாலத்தைக் கடப்போம். சென்ற நோன்புப் பெருநாளன்று பழத்தட்டைப் பெற்றுக்கொண்டவர், "அரங்கனுக்கு நாள்தோறும் காலையில் ரொட்டி கிடைக்கிறது. எனக்கு மட்டும் பழந்தானா தம்பி?" என்று சிரித்தார்.

துலுக்க நாச்சியாரை எண்ணியே அவ்வாறு சொன்னார். அரங்கனின் திருமேனிமேல் காதல்கொண்டு டில்லியிலிருந்து பின்தொடர்ந்து வந்த சுல்தானின் மகள் அவர் என்பது ஐதிகம். கோயிலில் அவருக்குச் சிலையில்லை, ஓவியமே உண்டு. அவர் பொருட்டு அரங்கனுக்கு ரொட்டியும் வெண்ணெயும் படைக்கப்படுகின்றன. வரலாற்றாசிரியர்கள் இக்கதையைப் பலவாறு ஆராயலாம். ரொட்டி என்னவோ இன்றும் படைக்கப்பட்டே வருகிறது.

பேராசானின் சொல் எம்மை விடவில்லை. முட்டையில்லாத இனிப்பு ரொட்டியைத் தேடிச் சென்றபோது கிட்டியதே ஸ்கோன். ஸ்காட்லாந்துப் பண்டம். கேவின் டக்ளஸ் என்னும் புலவர் 1513ஆம் ஆண்டில் வர்ஜிலின் காப்பியத்தைத் தம் மொழியில் பெயர்த்து முடித்தார். அந்நூலிலேயே இச்சொல் ஆளப்பட்டுள்ளது. தமிழ்த்துறை மாணவராய் இருந்த எமக்கு இச்செய்தி ஏனோ இனித்தது. தொடக்கத்தில் அது கல்லில் சுட்ட தட்டையான ஓட்ஸ் அடை. சமையற்சோடா வந்த பின்னரே உப்பி எழுந்தது.

மைதா 250 கிராம், குளிர்ந்த வெண்ணெய் 60 கிராம், சர்க்கரை 50 கிராம், சோடா அரைத் தேக்கரண்டி, சிறிது உப்பு, ஏலப்பொடி, உலர்திராட்சை. கெட்டியான புளித்த மோர் ஏறத்தாழ 150 மில்லி. முதல்நாள் பரோட்டாவுக்குப் பிசைவதுபோல் அடித்துப் பிசைந்தோம். வெந்து வந்தவை மலைக்கோட்டைப் பாறையின் உறவினர். பிசையப் பிசைய மாவின் பசை இறுகும் என்பதைப் பின்னரே உணர்ந்தோம். வெண்ணெயை விரல்நுனியால் மாவில் உதிர்க்க வேண்டும். மோரை ஊற்றிக் கூட்டினாற் போதும். மோரின் புளிப்பும் சோடாவும் கூடியவுடன் வளி எழும். அது வீணாகுமுன் விரைந்து வட்டமாக வெட்டி, 220 பாகை வெப்பத்தில் கால்மணி நேரம் வேகவிட வேண்டும். நான்காம் முறை அவை பொன்னிறமாய் எழுந்தன. முகர்ந்து பார்த்த அன்னையார், "முட்டையில்லாமல் இவ்வளவா?" என்றார். அவர் அவ்வளவு சொல்வதே அரிது.

ஹஜ்ஜுப் பெருநாளன்று அவற்றை எடுத்துச் சென்றோம். பாலத்தில் பேருந்து ஊர்ந்த நேரமெல்லாம் ஒரே அச்சம்: மறுத்துவிட்டால்? "தட்டும் கரண்டியும் புதியவை ஐயா, முட்டை படாதவை" என்று வாயிலிலேயே தொடங்கினோம். "நான் கேட்டேனா தம்பி?" என்றவர் ஒன்றை எடுத்துப் பிட்டார். உண்டார். மற்றொன்றையும் எடுத்தார்.

அம்மையார் எடுக்கவில்லை. அவர்தம் ஒழுக்கத்தை யாம் அறிவோம். எனினும் வருத்தமில்லை என எழுதினால் அது பொய்யாகும். சிறிது நேரம் தட்டையே நோக்கியிருந்தவர், "இதை எப்படிச் செய்தீர்கள்?" என்று கேட்டார். அவ்வில்லத்தில் மின்னடுப்பு இல்லை. குக்கரில் மணல் பரப்பி, வளையத்தையும் எடையையும் நீக்கிச் சூடேற்றும் வழியைச் சொன்னோம். ஒரு பழைய நாட்குறிப்பின் பின்பக்கத்தில் அவர் எழுதிக்கொண்டார்.

மூன்று வாரம் கழித்து அவர்தம் பெயரன் ஒரு பித்தளைத் தூக்குடன் எம் வாயிலில் நின்றான். உள்ளே எட்டு ஸ்கோன்கள். எம் முதல்நாள் ஆக்கத்தினும் கடினமானவை. தேநீரில் நனைத்து ஒன்றும் மீதமின்றி உண்டோம். தூக்கில் அன்னையார் பேரீச்சம்பழம் நிரப்பித் தர, யாம் ஒரு சீட்டும் உடன் வைத்தோம்: "அம்மா, மாவைப் பிசைய வேண்டா, கூட்டினாற் போதும்."