பானையோடும் எண்ணும்

கணிதத்தையும் சரித்திரத்தையும் நாம் வெவ்வேறு அறைகளிற் கற்றோம். அவ்விரண்டும் ஒரே மேசையிற் கூடிய வரலாறொன்றை இம்மலரிற் கூற விழைகின்றேன்.

பிளிண்டர்ஸ் பீற்றி என்னும் ஆங்கிலேய அறிஞர் எகிப்தில் நக்காடா முதலிய இடங்களில் மன்னராட்சிக்கு முற்பட்ட புதைகுழிகளை அகழ்ந்தார். காலங்காட்டும் கல்வெட்டோ நாணயமோ அவற்றில் இல்லை, பானைகளே மிகுந்திருந்தன. ஏறத்தாழ 900 குழிகளைத் தெரிந்து, குழிக்கோர் அட்டைத்துண்டாக வைத்து, அதிற் கிடைத்த பானை வகைகளைக் குறித்தார். ஒவ்வொரு வகையும் இயன்றளவு நெருங்கி வருமாறு துண்டுகளை மாற்றி மாற்றி அடுக்கினார். கணினியில்லாக் காலத்தில் எத்துணைப் பொறுமை! 1899 இல் அம்முறையை வெளியிட்டார்.

ஆயினும், வரிசையின் எந்த முனை பழையது என்பதை எண்ணிக்கை உரைக்காது. அதனை உரைத்தது பானையின் பிடி. ஆதியிற் கைக்குதவிய அலைவடிவப் பிடி, படிப்படியாகத் தேய்ந்து, ஈற்றில் வெறும் அலங்காரக் கோடாயிற்று.

வரிசைக்கு 30 முதல் 80 வரை எண்ணிட்டார்; அவை ஆண்டுகளல்ல. 30 இற்கு முற்பட்ட எண்களை, இனிமேற் கிடைக்கக்கூடிய பழையவற்றுக்கென ஒழித்து வைத்தார். 1920களிற் படாரிப் பண்பாடு வெளிப்பட்டபோது அதற்கு ஆசனம் ஆயத்தமாயிருந்தது! அவரது உழைப்பினும் இவ்வடக்கத்தையே யான் பெரிதும் மதிக்கின்றேன்.

1963 இல் டேவிட் கெண்டல் என்னும் கணித அறிஞர் இம்முறையைப் புள்ளிவிபரவியல் வழியில் ஆராய்ந்து கட்டுரை வரைந்தார். இன்று அவ்வடுக்கைக் கணினி விரைவிற் செய்துவிடும். எனினும், மாணவர் ஒருமுறையேனும் அட்டைத்துண்டுகளைக் கையால் அடுக்கிப் பார்த்தல் நன்று.