ஓ.சி.ஐ. தம்பி!

தம்பி அமெரிக்கன் ஆகிவிட்டான் என்ற செய்தி வந்தபோது நான் தாம்பரம் போகும் மின்சார ரயிலில், பொத்தேரியில் ஏறிய காலேஜ் பையனின் முதுகுப் பையை மூக்கால் தாங்கிக்கொண்டு நின்றிருந்தேன்.

"அண்ணா, சத்தியப் பிரமாணம் முடிஞ்சுது!"

அயல்நாட்டு இளவரசர், மன்னர், அரசு எதன் மீதும் இனி விசுவாசம் கிடையாது என்று கையைத் தூக்கிச் சொல்ல வேண்டுமாம்.

"மறைமலை நகர்ல ஏதுடா இளவரசர்?" என்றேன். யோசித்தால், எங்கள் வீட்டில் ஒருத்தன் இருந்தான். கடைக்குட்டி. எனக்கு நாலு இட்லி என்றால் அவனுக்கு ஆறு.

நம்ம சட்டம் ரொம்பக் கறார் சார். அரசியல் சாசனத்தின் 9-வது பிரிவும் சரி, 1955-ம் வருஷத்துக் குடியுரிமைச் சட்டமும் சரி, சொல்வது ஒன்றுதான். நீங்களாக விரும்பி வேறு நாட்டுக் குடிமகன் ஆனால், இங்கே கணக்கு முடிந்தது. இரண்டு படகில் கால் கூடாது. பழைய பாஸ்போர்ட்டை ஒப்படைத்துவிட்டுச் சான்றிதழ் வாங்கிக்கொள்ள வேண்டும். 2022-ல் மட்டும் 2,25,620 பேர் இப்படி இந்தியக் குடியுரிமையை விட்டதாகப் பாராளுமன்றத்திலேயே சொன்னார்கள்.

பதிலுக்கு ஓ.சி.ஐ. கார்டு தருகிறார்கள். பெயரில்தான் ஓசி, கட்டணம் உண்டு! அதைக் காட்டினால் விசா தொல்லை இல்லாமல் எத்தனை தடவை வேண்டுமானாலும் வரலாம். வீடு வாங்கலாம். வயல் வாங்க முடியாது. ஓட்டும் போட முடியாது.

ஓட்டு என்றதும்தான் ஞாபகம் வந்தது. வாக்காளர் பட்டியலில் அவன் பேர் இன்னும் அப்பா பேருக்குக் கீழேயே இருந்தது.

"இருந்துட்டுப் போகட்டுமேடா. யாருக்கு என்ன நஷ்டம்?" என்றார் அப்பா.

"தப்புப்பா. எவனாவது அவன் ஓட்டைப் போட்டுட்டுப் போயிடுவான்."

ஏழாம் நம்பர் படிவம் கொண்டுவந்தேன். பேரை நீக்கக் காரணம் என்ன என்று ஒரு பட்டியல். அதில் 'இறப்பு' என்றும் ஒன்று இருந்தது. அப்பா அதைக் கட்டைவிரலால் மறைத்துக்கொண்டு, 'இந்தியக் குடிமகன் அல்ல' என்பதில் டிக் போட்டார். கை நடுங்கியது.

எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. அப்பாதான் சமாளித்தார்.

"நம்ம ஊருக்குப் பேர் கொடுத்தவரே வேதாசலமா இருந்து மறைமலை ஆனவர்தானே? பேரை மாத்திக்கிட்டா ஆளே மாறிட்டாருன்னு அர்த்தமா?"

2024 ஏப்ரல் 19. ஓட்டுப் போட்டு மை விரலோடு வந்து உட்கார்ந்தோம். தம்பியிடமிருந்து போன்.

"யாருக்குப்பா போட்டீங்க?"

"அதெல்லாம் ரகசியம்டா. அந்நிய நாட்டுக்காரன்கிட்ட சொல்லக் கூடாது!"

இரண்டு பேரும் சிரித்தார்கள். போனை வைத்துவிட்டு அப்பா கண்ணாடியைக் கழற்றி, அந்த மை விரலாலேயே வெகுநேரம் துடைத்துக்கொண்டிருந்தார்.

கண்ணாடியைத்தான் துடைத்தார் என்று அம்மாவிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.