எஞ்சினைக் கழற்றிப் பூட்டுகிறவர்கள்

கொழும்பிலிருந்து இரவு புறப்படும் மெயில் கோச்சி விடிகிற நேரத்தில் திருகோணமலைக்கு வந்து சேரும். பயணிகள் பையைத் தூக்கிக்கொண்டு ஓட்டோவைத் தேடிப் போய்விடுவார்கள். ஸ்ரேசன் ஆட்களின் வேலை அதற்குப் பிறகுதான் சூடுபிடிக்கும். கடலுக்குக் கிட்ட வந்து பாதை முடிந்துவிடுகிறது. வண்டி வந்த வழியே திரும்பவேண்டும். எஞ்சினோ இப்போது வாலில் நிற்கிறது. அதைக் கழற்றி, பக்கத்துப் பாதையால் ஓட்டிப்போய், மறுமுனையில் பூட்டவேண்டும். அந்த வேலையைப் பார்க்கத்தான் போயிருந்தேன். ஸ்ரேசன் மாஸ்டர் ஒரேயொரு நிபந்தனை வைத்தார்: "பிளாட்போமை விட்டுக் கீழ இறங்காதீங்க தம்பி."

கழற்றுகிறவர் ஐம்பது தாண்டியவர். இரண்டு பஃபர்களுக்கும் நடுவில் குனிந்து புகுந்து, முதலில் வேக்கம் குழாயைப் பிரித்தார். இந்தப் பெட்டிகளின் பிரேக் காற்றை அழுத்தி வேலை செய்வதில்லை. குழாய்க்குள் இருக்கும் காற்றை எஞ்சின் உறிஞ்சி எடுப்பதால்தான் பிரேக் விலகி நிற்கிறது. ஓட்டத்தில் எங்காவது குழாய் விட்டுப்போனால் வெளிக்காற்று உள்ளே பாய்ந்து பிரேக் தானாகப் பிடித்துக்கொள்ளும். கடைசிப் பெட்டியிலிருக்கும் கார்ட்டும் அதே காற்றை உள்ளே விட்டு வண்டியை நிறுத்தலாம். பழைய ஏற்பாடுதான், ஆனால் கெட்டுப்போனாலும் நிற்கும் பக்கமாகவே கெட்டுப்போகிறது. அந்த யோசனை எனக்குப் பிடித்திருந்தது.

அடுத்தது திருகுக் கொக்கி. இழுவையில் இருக்கும்போது அதை அசைக்க முடியாது. அவர் கையைக் காட்டினார், றைவர் எஞ்சினை ஒரு மயிரிழை பின்னே தள்ளினார், பஃபர்கள் அமுங்கின. அந்தத் தளர்வுக்குள் திருகைச் சுழற்றி, கனத்த வளையத்தைக் கொக்கியிலிருந்து தூக்கிவிட்டார். இவ்வளவுக்கும் இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. உள்ளே ஆள் நிற்கும்போது றைவரின் கண் அந்தக் கையைவிட்டு அசைவதில்லை. கை மறைந்தால் எஞ்சினும் அசையாது.

பொயின்ற்ஸ் மாற, எஞ்சின் முன்னே போய், பக்கத்துப் பாதையால் பின்னோக்கி வந்தது. பூட்டும்போது எல்லாம் தலைகீழ் வரிசையில் நடக்கும்: முதலில் கொக்கி, பிறகு குழாய். அதன்பின் கார்ட் தன் பெட்டியில் உள்ள மானியைப் பார்த்து, வெற்றிடம் கடைசிவரை வந்து சேர்ந்திருக்கிறதா என்று உறுதிசெய்வார். கழற்றியவர் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "கடல்காத்து தம்பி. கிறீஸ் வைக்காட்டி திருகு இறுகிப் போயிரும்."

ஜப்பானின் கிராமப்புறப் பாதைகளில் இந்த வேலையே கிடையாது. அங்கே ஓடும் கிஹா 40 வகை டீசல் வண்டியில் பெட்டியே எஞ்சின். இரு முனையிலும் ஓட்டுநர் அறை. பாதை முடிந்தால் றைவர் இறங்கி மறுமுனைக்கு நடந்துபோனால் போதும். பல பாதைகளில் அவரோடு வேறு யாருமில்லை. கதவைத் திறப்பதும் கட்டணப் பெட்டியைப் பார்ப்பதும் அவரேதான். சிக்னலை விரல் நீட்டிக் காட்டி வாய்விட்டுச் சொல்வதும் தனக்குத்தானே. 1977 முதல் 1982 வரை இந்தக் குடும்பத்தில் எண்ணூறுக்கும் மேற்பட்ட வண்டிகள் கட்டப்பட்டன. ஆரம்ப வண்டிகளின் வலு 220 குதிரைவலுதான், ஏற்றத்தில் திணறும். ஆனால் நாற்பது மாணவர்களையும் நாலு கிழவிகளையும் ஏற்றிச்செல்ல அது தாராளம். ஓய்வுபெற்றவை சில மியன்மாருக்குக் கப்பலேறின.

எங்கள் பாதையின் பிறப்பே வேறு. கல்ஓயாச் சந்தியில் பிரிந்து கந்தளாய், தம்பலகாமம், சீனக்குடா வழியாக வரும் இந்த எழுபது கிலோமீற்றர் அளவான கிளை 1927இல் திறக்கப்பட்டது. அகலப் பாதைதான், ஆனால் செலவைச் சுருக்கி இலேசான பாதையாகவே போட்டார்கள். அப்படிப்பட்ட பாதைகளுக்குப் பொருந்திய எஞ்சின், 1954இலிருந்து கனடா கொழும்புத் திட்டத்தின் கீழ் தந்த எம் 2. ஒன்டாரியோ, அல்பேர்ட்டா என்று கனேடிய மாகாணப் பெயர்களைச் சுமந்து வந்தவை. வலு 1425 குதிரைவலு. ஆறு அச்சுகளில் நடு அச்சுகளுக்கு மோட்டார் இல்லை. பாரத்தைப் பகிர மட்டும் அவை. எழுபது வருடம் கழித்தும் அவற்றில் சில நாட்டில் ஓடுகின்றன என்றால், பட்டறைக்காரர்களுக்குத்தான் கும்பிடு போடவேண்டும்.

ஜப்பான்காரன் திருகோணமலைக்கு அந்நியனில்லை. 1942 ஏப்ரல் 9இல் குண்டு போட வந்தான். அன்று தாக்குண்ட எண்ணெய்த் தாங்கி சீனக்குடாவில் இருக்கிறது. நாற்பது வருடம் கழித்து, 1982இல், ஜப்பானியக் கூட்டோடு ரோக்கியோ சீமெந்து நிறுவனம் உருவாகி, இதே குடாவில் ஆலை எழுந்தது. 1970களில் ஹிட்டாச்சி டீசல் தொகுதிகளும் இலங்கைக்கு வந்தன, ஆனால் அவை பெரும்பாலும் கொழும்பைச் சுற்றியே ஓடின. துறைமுகப் பாதைக்குக் கிடைத்தது முக்கியமாக இரவு மெயிலும் பிறீமா ஆலையின் மாவு வண்டியும். பகலில் கந்தளாயிலிருந்து ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும் வருகிறவனுக்குப் பெரும்பாலும் பஸ்தான்.

கிழக்கில் ரயில் பஸ் ஒன்றும் ஓடியது: இரண்டு பஸ்களை முதுகோடு முதுகு சேர்த்து இரும்புச் சில்லு பூட்டிய வண்டி. திருப்பத் தேவையில்லை. கிஹாவின் ஏழைத் தங்கச்சி. அழகில்லை, ஆனால் யோசனை சரியானது. இந்தப் பாதைக்குப் பகலில் தேவைப்படுவது அந்த அளவான வண்டிதான் என்பது என் முடிவு.

அதைச் சொன்னதும் றைவர் சிரித்தார். "பகல்ல சரி. ராவில வந்து பாருங்க." கல்ஓயாவுக்கும் கந்தளாய்க்கும் நடுவில் காடு. வளைவில் எஞ்சின் விளக்கின் வெளிச்சம் மரங்களில்தான் விழும். தண்டவாளத்தில் நிற்கும் யானை தெரிகிற நேரத்தில் பிரேக் போட்டாலும் வண்டி சில நூறு மீற்றர் போய்த்தான் நிற்கும். 2025 பெப்ரவரியில் மட்டக்களப்புப் பாதையில், ஹபரணைப் பக்கம் கல்லெல்லவில், யானைக் கூட்டமொன்றில் மோதி மீனகயா கடுகதி தடம்புரண்டது. குறைந்தது ஆறு யானைகள் செத்தன. பயணிகள் தப்பியது பெரிய காரியம். ஜப்பானிலும் மான் மோதுகிறது. அங்கே மானின் எச்சரிக்கைக் குரலையும் நாய் குரைப்பையும் கலந்து வண்டியிலிருந்து ஒலிபரப்பி, மானை விரட்டிப் பார்த்தார்கள். யானை அதற்கெல்லாம் மசியுமா என்று கேட்டேன்.

"யானைக்கு ஹோர்ன் அடிச்சா சிலது விலகும், சிலது எங்களப் பாத்து வரும். அதனால நான் ஒரு பக்கம் பாப்பன், அசிஸ்ரன்ட் மற்றப் பக்கம் பாப்பான். பின்னால கார்ட் இருக்கிறார். ஒரு ஆளோட ஓடுற வண்டியக் கொண்டு வந்தா, மற்றப் பக்கத்த யார் பாக்கிறது?"

கொக்கி கழற்றியவர் கிறீஸ் டப்பாவை மூடிக்கொண்டே குறுக்கிட்டார்: "பகலுக்கு சின்ன வண்டி விடட்டும் அண்ணன். ராவுக்கு நாங்க இருக்கம்." அதற்கு றைவரிடம் மறுப்பு இல்லை. எனக்கும் இல்லை.