படமும் குரலும் ஒன்றையே சொன்னால்

ஆவணப்படத் தொகுப்பில் எங்களைச் சுலபமாக வழுக்கவைப்பது, திரையில் தெரிவதையே விவரணையிலும் சொல்லிவிடுவது. நெரிசலைக் காட்டும்போது குரலும் நெரிசல் என்றால் இரண்டில் ஒன்று வீண். நகரின் விரிவைப் பேசும் படங்களில் இந்த ஆபத்து அதிகம். வரிசை வரிசையாக ஒரே அச்சு வீடுகளைப் பார்த்ததும் அலுப்பை வாயாலும் சொல்லத் தோன்றும். மொரீஸ் பியாலா 1960இல் பாரிஸின் புறநகர்களைப் பற்றி எடுத்த ‘லாமூர் எக்ஸிஸ்ட்’ இதில் சிக்கவில்லை. சுமார் 20 நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம் அது. வேலைக்குப் போய்த் திரும்பும் கூட்டம், சிறு வீடுகள், புதிய அடுக்குமாடித் தொகுதிகள் என்று கேமரா பார்த்துக்கொண்டே போகிறது. குரல் எடுத்துக்கொள்வது கேமராவால் காட்ட முடியாதவற்றை: புறநகரில் வளர்ந்தவனின் நினைவு, மோந்த்ரேயில் இருந்த, பின்னர் இடிக்கப்பட்ட, திரைப்பட முன்னோடி மெலியேயின் ஸ்டூடியோ, பயணத்திலேயே கரையும் ஆயுள், பள்ளிகளும் நாடக அரங்குகளும் எத்தனை என்ற கணக்கு. வெறும் கணக்கு என்றால் அறிக்கையாகிவிடும். வெறும் நினைவு என்றால் புலம்பல். இரண்டையும் மாற்றி மாற்றி வைப்பதால், எண்ணுக்குப் பின்னால் ஆள் இருப்பதைப் பார்வையாளரே உணர்ந்துகொள்கிறார்.

அங்கு வாழ்பவர் ஒருவரையும் பேசவிடாமல் ஒற்றைக் குரலே தீர்ப்பளிக்கிறதே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான்; ஏனெனில் அதே 1960இல் இயக்குநர் ழான் ரூஷும் சமூகவியலாளர் எட்கார் மொரானும் பாரிஸ்வாசிகளிடம் மைக்கை நீட்டிப் படமெடுத்தார்கள். ஆனால் பியாலாவின் குரல் அரசின் குரலாகவோ எல்லோருடைய குரலாகவோ வேடம் போடவில்லை. முடிவில் பாரிஸ் வெற்றி வளைவுச் சிற்பத்தின் ஆணையிடும் கை, கோணம் மாறியதும் யாசிக்கும் கையாகிறது. பார்ப்பது எங்கிருந்து என்பதை ஒளிக்காத படம் இது. இன்னொரு மறுப்பு கனமானது: 1954 குளிர்காலத்தில் வீடற்றோருக்காகப் பாதிரியார் அபே பியேர் வானொலியில் முறையிட்ட நாட்டில், குளியலறையுள்ள அடுக்குமாடி வீடு சிறிய வரமா? இல்லை. அந்தத் தேவையைப் படம் மறைக்கவும் இல்லை. புறநகரான நாந்தேரின் குடிசைப்பகுதியும் அதில் வருகிறது. கூரை கிடைத்ததோடு கடன் தீர்ந்ததா என்பதே அதன் வழக்கு. ஆனாலும், புதுவீட்டுக்குள் நுழைந்த குடும்பத்தின் நிம்மதிக்கு அங்கே இடமில்லை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஒற்றைக் குரலுக்குக் கொடுத்த விலை அது.

இந்தக் குறையோடும் தொழில்பாடம் நிற்கிறது. புறநகர்ப் படத்துக்கு விவரணை எழுதுபவர் முதலில் ஒலியில்லாமல் படத்தை ஓட்டிப் பார்க்க வேண்டும். கண்ணுக்குப் புரிந்ததையெல்லாம் தாளில் அடித்துவிட்டால் நேரம், செலவு, இழப்பு, சட்டகத்துக்கு வெளியே எடுக்கப்பட்ட முடிவுகள் ஆகியவை மிஞ்சும். எழுத வேண்டியது அவற்றைத்தான்.