இழுக்கும் சேறு, வாய் திறக்கும் நெருப்பு... கோடியக்கரை சதுப்பில் என்னதான் இருக்கிறது?

கும்மிருட்டு. கண்ணுக்கு எட்டிய தூரம் வரை சேறும் தண்ணீரும்தான். திடீரென ஓரிடத்தில் குப்பென்று ஒரு தீ. வாய் திறந்து மூடியதுபோல எரிந்து அணைகிறது. கொஞ்சம் தள்ளி இன்னொன்று. கிட்டே போனால் ஒன்றுமே இல்லை.

கொள்ளிவாய்ப் பிசாசு!

ஏரிக்கரையும் வயக்காடும் இருக்கும் ஊரில் வளர்ந்த யாருக்கும் இந்தப் பெயரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. இருட்டிய பிறகும் வீடு திரும்பாத பிள்ளைகளுக்காகப் பாட்டிகள் கைவசம் வைத்திருந்த கடைசி ஆயுதம் அது. ஆனால், இந்தப் பிசாசுக்கென்று தமிழ்நாடே அறிந்த முகவரி ஒன்று உண்டு. நாகப்பட்டினம் மாவட்டம், வேதாரண்யத்தை அடுத்த கோடியக்கரை.

உபயம், கல்கி. 1950 முதல் 1954 வரை தொடராக வந்த 'பொன்னியின் செல்வன்' கதையில், பூங்குழலியைத் துரத்திக்கொண்டு ஓடும் வந்தியத்தேவன் இந்தச் சதுப்பில்தான் காலை விட்டு அமிழத் தொடங்குவான். காப்பாற்றுபவளும் அவளே. இருட்டில் எரியும் கொள்ளிவாய்ப் பிசாசுகளைக் காட்டி, அவைதான் தன் காதலர்கள் என்பாள். 2022-ல் மணிரத்னம் படம் வந்த பிறகு, புத்தகத்தைத் தொடாதவர்களும் கோடியக்கரைக்கு வண்டி கட்டினார்கள்.

கதை இருக்கட்டும். அந்த நெருப்பு நிஜமா?

சேற்றுக்குள் காற்று புகாத இடத்தில் இலையும் தழையும் மக்கும்போது மீத்தேன் உண்டாகிறது. 1776-ல் இத்தாலியின் மஜ்ஜோரே ஏரிச் சேற்றைக் கிளறி, குமிழியாக வந்த இந்த வாயுவைப் பிடித்தவர் வோல்டா. 'வோல்ட்' என்ற சொல்லுக்குக் காரணமானவர் அவர்தான். சரி, வாயு கிடைத்துவிட்டது. பற்றவைப்பது யார்? நடுச்சதுப்பில் தீக்குச்சியோடு யாரும் நிற்பதில்லையே! சேற்றில் பாஸ்பரஸ் சேர்ந்த வாயுக்களும் உண்டாகி, காற்றுப் பட்டதும் தானே பற்றிக்கொள்கின்றன என்றுதான் வெகுகாலம் சொல்லிவந்தார்கள். 2025-ல் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக வேதியியலாளர் ரிச்சர்ட் ஸேர் குழு வேறொரு விடை சொன்னது. தண்ணீருக்குள் மீத்தேன் கலந்த நுண்குமிழிகள் ஒன்றையொன்று நெருங்கும்போது அவற்றுக்கிடையே குட்டி மின்னல் வெட்டுகிறது என்பதை ஆய்வகத்தில் படம் பிடித்துக் காட்டினார்கள். குட்டி என்றால் கண்ணுக்கே தெரியாத அளவு குட்டி.

வங்காளத்தில் இதே வெளிச்சத்துக்கு 'ஆலேயா' என்று பெயர். குஜராத்தின் பன்னி புல்வெளியில் 'சிர் பத்தி'. மீனவரையும் வழிப்போக்கரையும் வழி தப்ப வைக்கும் என்பதுதான் இரண்டு இடத்துக் கதையும்.

வெளிச்சம் யாரையும் கொல்லாது. அதைப் பார்த்துக்கொண்டே போகிறவரின் காலுக்குக் கீழே இருப்பதுதான் ஆபத்து!

களிமண், மணல், உப்புத் தண்ணீர். இந்த மூன்றும் கலந்த சேறு சும்மா இருக்கும்போது கெட்டித்தரை போலக் காட்டும். மேலே ஆள் ஏறி அசைந்ததும் நீர்த்துப் போகும். மணல் கீழே இறங்கிக் காலைச் சுற்றி இறுகும். 2005-ல் நெதர்லாந்தின் டேனியல் பான் குழு இதை ஆராய்ந்து 'நேச்சர்' இதழில் எழுதியது. அதில் ஒரு நல்ல செய்தி, ஒரு கெட்ட செய்தி. மனித உடல் அந்தச் சேற்றைவிட அடர்த்தி குறைந்தது என்பதால், சினிமாவில் வருவதுபோலத் தலை வரை மூழ்காது. பாதி உடம்போடு நின்றுவிடும். இது நல்லது. ஆனால், சிக்கிய காலை விநாடிக்கு ஒரு சென்டிமீட்டர் வேகத்தில் உருவ, ஒரு காரைத் தூக்கும் அளவு விசை வேண்டும். அதனால், கையைப் பிடித்து வெடுக்கென இழுப்பது வீண். மல்லாக்கச் சாய்ந்து, காலை மெல்ல மெல்ல அசைத்து, தண்ணீர் உள்ளே இறங்க வழி செய்ய வேண்டும். அதற்குள் கடல் ஏறிவிட்டால்? உயிரை எடுப்பது பெரும்பாலும் அந்த ஏற்றம்தான்.

எனவே செல்ஃபிக்காகச் சேற்றில் இறங்காதீர்கள். அழுகிய முட்டை வாடை அடித்தால் அங்கே செத்த மீன் கிடக்கிறது என்றும் அர்த்தமில்லை. சேற்று நுண்ணுயிரிகள் வெளியிடும் ஹைட்ரஜன் சல்ஃபைடு அது.

பேய்க்கதையைத் தாண்டியும் இந்த இடம் பெரிது. 1967-ல் வெளிமான்களுக்காகச் சரணாலயம் ஆனது. 2002-ல் சுமார் 38,500 ஹெக்டேர் ராம்சார் பட்டியலில் ஏறியது. அடுத்த 20 வருடங்களுக்குத் தமிழ்நாட்டில் அந்தப் பெருமை இதற்கு மட்டும்தான். பனிக்காலத்தில் வரும் பூநாரைகள் உள்ளிட்ட வலசைப் பறவைகளின் காலில் வளையம் மாட்டி, பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகம் பல பத்தாண்டுகளாக ஆய்வு செய்கிறது. ஆனால், காவிரியின் கடைசிக் கிளைகள் கொண்டுவரும் நல்ல தண்ணீர் குறையக் குறைய, சதுப்பில் உப்பு ஏறுகிறது. போதாததற்குக் காட்டுக்குள் சீமைக் கருவேலம். உப்பு கூடினால் மீத்தேன் உற்பத்தியும் குறையும் என்கிறது அறிவியல். அப்படியென்றால் பிசாசுக்கும் இங்கே பிழைப்பு கஷ்டம்தான்!

2018 நவம்பர் 16 அதிகாலையை இந்தப் பக்கத்து மக்களிடம் கேட்டால் பிசாசுக் கதை எதுவும் எடுபடாது. கஜா புயல் அன்று வேதாரண்யம் பக்கம்தான் கரையேறியது. தென்னை, மா, உப்பளம், படகு என்று எதுவும் தப்பவில்லை. காடே மொட்டையானது. இங்கிருந்து அடித்துச் செல்லப்பட்ட மான்களின் உடல்கள் காரைக்கால் கரையில் ஒதுங்கின. அதற்கு முன்பே, சோழர் காலத்தது என்று சொல்லப்பட்ட கலங்கரை விளக்கத்தின் மிச்சத்தை 2004 சுனாமி கொண்டுபோயிருந்தது.

கோடிக் குழகர் கோயில் இருக்கிறது. இந்தக் கடற்கரைக் காட்டில் துணைக்கு ஆளில்லாமல் இப்படித் தனியாக இருக்கிறாயே என்று சுந்தரர் சிவனிடம் வருந்திப் பாடிய தலம். மாலை நேரத்தில் அங்கே நின்றால், அவர் ஏன் அப்படிக் கேட்டார் என்பது தானாகப் புரியும்.

திருத்தணி, ஆர்.கே.பேட்டை பக்கமிருந்து கிளம்புகிறவர்களுக்குச் சென்னை வழியாக ஒரு ராத்திரிப் பயணம். திருத்துறைப்பூண்டியிலிருந்து அகஸ்தியம்பள்ளிக்கு 2023 முதல் மறுபடியும் ரயில் ஓடுகிறது. 1930 ஏப்ரலில் ராஜாஜி உப்பு அள்ளியது அந்த அகஸ்தியம்பள்ளியில்தான். பூநாரை பார்த்தால் மட்டும் போதும் என்பவர்கள் இவ்வளவு தூரம் அலைய வேண்டாம், சொந்த மாவட்டத்திலேயே பழவேற்காடு இருக்கிறது.

கோடியக்கரைதான் என்று முடிவு செய்துவிட்டால் நவம்பர் முதல் பிப்ரவரிக்குள் போங்கள். புயல் எச்சரிக்கை இருந்தால் பயணத்தைத் தள்ளிவையுங்கள். பைனாகுலர், தொப்பி, குடிதண்ணீர் அவசியம். இருட்டிய பிறகு சரணாலயத்துக்குள் விடமாட்டார்கள். கொள்ளிவாய்ப் பிசாசைப் பார்த்தே தீர வேண்டும் என்று வனத்துறையிடம் வாதாடிப் பயனில்லை.