சொற்கள் நின்றுவிடும் ஆறு பக்கங்கள்

2012இல் மறைந்த அமெரிக்க ஓவியர் மாரிஸ் சென்டாக் எழுதி வரைந்து, 1963இல் வெளியான 'வேர் த வைல்ட் திங்ஸ் ஆர்' என்ற சித்திரக்கதை நூலில் இருப்பவை பத்தே வாக்கியங்கள். ஓநாய் வேடமிட்டு வீட்டில் அட்டகாசம் செய்யும் மாக்ஸைத் தாய் இரவுணவு தராமல் படுக்கையறைக்கு அனுப்பிவிடுகிறாள். அறைக்குள் மரங்கள் முளைக்கின்றன, கடல் வருகிறது. படகேறிச் சென்றவன் பூதங்களுக்கு அரசனாகி, ஆண்டு, அலுத்துத் திரும்புகிறான். கதை இவ்வளவுதான். ஆங்கிலத்தில் இருப்பதைத் தமிழில் சொல்லிக்கொண்டே புரட்டினாலும் ஐந்து நிமிடம் தாண்டாது. ஆனால் எங்கள் வீட்டில், நான்கு வயது மகளோடு, அது அரை மணிக்குள் முடிந்ததே இல்லை.

படங்களின் அளவே இதற்குக் காரணம் என்று எங்களுக்குத் தோன்றுகிறது. முதல் படம் சுற்றிலும் அகன்ற வெண்மை விட்டு, நடுவில் ஒடுங்கிக் கிடக்கிறது. பக்கம் புரளப் புரள வெண்மை தேய்கிறது. அறை முழுக்கக் காடாகும்போது படம் தாளின் விளிம்பைத் தொட்டுவிடுகிறது. பின் நடு மடிப்பையும் தாண்டி, எழுத்துக்கென ஒதுக்கிய பக்கத்துக்குள் கசிகிறது. இறுதியில் எழுத்தையே வெளியே தள்ளிவிடுகிறது. அடுத்தடுத்து ஆறு பக்கங்களில் ஒரு சொல்லும் இல்லை. நிலவொளியில் பூதங்கள் குதிக்கின்றன, மரக்கிளையில் தொங்குகின்றன, மாக்ஸைச் சுமந்து ஊர்வலம் போகின்றன. வாசித்துக்காட்டும் பெரியவர்களுக்கு அங்கே வேலையில்லை. எழுத்தறியாத குழந்தைதான் அங்கே கதைசொல்லி. அந்த அதிகாரத்தை எங்கள் மகள் ஒருநாளும் விட்டுக்கொடுத்ததில்லை.

மாக்ஸின் தாயை எந்தப் படத்திலும் காணமுடியாது. அவள் வெறும் குரல். ஓரிரவு மகள் ஊர்வலப் பக்கத்தில் நிறுத்தி, பல் தெரியச் சிரிக்கும் பூதமொன்றின்மேல் விரல் வைத்தாள். "நீங்க ரெண்டு பேரும் கத்தறப்போ இப்படித்தான் இருப்பீங்க." குற்றஞ்சாட்டும் தொனியே இல்லை, அடையாளம் காட்டும் தொனிதான். எங்களில் எவருக்கும் உடனே பேச்சு வரவில்லை. அவளே பக்கத்தைப் புரட்டினாள்.

சென்டாக் முதலில் வரைய எண்ணியவை குதிரைகள். குதிரை கைவராததால் பூதங்களுக்கு மாறினார். புரூக்ளினில் அவர் சிறுவனாக இருந்தபோது வீட்டுக்கு வந்து, கன்னத்தைக் கிள்ளி, தின்றுவிடுவேன் என்று கொஞ்சிய யூதக் குடியேறிகளான மாமன்மார், அத்தைமார் முகங்களே அவற்றுக்கு மாதிரி என்று பின்னாளில் சொன்னார். ஆக, மகள் கண்டது மிகையன்று.

உளவியல் அறிஞர் புரூனோ பெட்டல்ஹைம் 1969இல் பெண்கள் இதழ் ஒன்றில் இந்நூலைச் சாடினார். உணவை மறுத்துத் தனியே அனுப்புவது குழந்தைக்குக் கைவிடப்படும் அச்சத்தைத் தரும் என்பது அவர் வாதம். வாதத்தில் பொருளில்லாமல் இல்லை. ஆனால் அவர் நூலைப் படிக்காமலே எழுதினார் என்பதுதான் வேடிக்கை. படித்திருந்தால் மாக்ஸ் திரும்பிவந்த அறையில் உணவு காத்திருப்பதைக் கண்டிருப்பார். அந்த அறையின் படம் தொடக்கத்தில் இருந்த அளவுக்குச் சுருங்கவில்லை, பக்கத்தை நிறைத்தே நிற்கிறது. சன்னலில் முதலில் பிறையாக இருந்த நிலா இப்போது முழுநிலா. ஏறத்தாழ ஓராண்டுக் கடற்பயணம் வேறு. அதற்கடுத்த கடைசிப் பக்கத்தில் படமே கிடையாது. உணவின் சூடு ஆறவில்லை என்ற தகவல் மட்டும். 'வெதுவெதுப்பு' என்று மாற்றிக்கொள்ளலாமே என்ற யோசனை வந்தபோது சென்டாக் இணங்கவில்லை. வெதுவெதுப்பான உணவில் யாருக்கு என்ன அக்கறை! அவர் கேட்டது நாக்கைச் சுடும் சூடு.

அந்த உணவைக் கொண்டுவந்து வைத்தது யார் என்று நூல் சொல்வதில்லை, படத்திலும் ஆளில்லை. மகளைக் கேட்டோம். யோசிக்கவே இல்லை. "அந்தப் பல்லு பூதந்தான்" என்றாள்.