பதக்கமும் விலங்கும்

பதக்கம் அணிவித்த அரசே விலங்கும் பூட்டிய வரலாறு, பிரெஞ்சுப் படை அதிகாரி எலி தெ சேன் மார்க்கினுடையது.

1922-இல் பிறந்த அவர், இளமையிலேயே நாஜி எதிர்ப்பு இயக்கத்தில் சேர்ந்தார். 1943-இல் பிடிபட்டு, பூகன்வால்ட் வதைமுகாமுக்கு அனுப்பப்பட்டு, சாவின் வாயில்வரை சென்று மீண்டார். பின்னர் இந்தோசீனாவில், சீன எல்லையோரத்துத் தாலுங் சிற்றூரைக் காத்து நின்றார். பின்வாங்குமாறு ஆணை வந்தது. நம்பியிருந்த ஊரார் படை வண்டிகளைப் பற்றினர். அவர்தம் விரல்களைத் துப்பாக்கிக் கட்டையால் அடித்து விலக்கினர் வீரர். அக்காட்சி அவர் நெஞ்சைவிட்டு அகலவில்லை.

அல்ஜீரியாவிலும் நம்பியோரைக் கைவிட மனமின்றி, 1961 ஏப்ரலில் தளபதிகளின் கலகத்தில் சேர்ந்தார். கலகம் அடங்கியதும் தாமே சரணடைந்தார். பத்தாண்டுச் சிறை விதிக்கப்பட்டு, 1966-இல் விடுதலை பெற்றார். 2011-இல் பிரெஞ்சு அரசு தன் மிக உயர்ந்த விருதை அவருக்கு அளித்தது.

மக்களாட்சிக்கு எதிராகப் படை திருப்பியது குற்றமே. ஆயினும், அந்த விரல்களை மறவாத நெஞ்சம் குற்றமுடையதன்று.